ஹஷிமோட்டோ, ஷினோபு (1918–2018)

ஷினோபு ஹஷிமோட்டோ, போருக்குப் பிந்தைய ஜப்பானியத் திரைப்படத்தின் கதை சொல்லும் முறையை மாற்றியமைத்த திரைக்கதையாசிரியர். ஹியோகோ மாநிலத்தில் பிறந்த இவர், 1938இல் இராணுவத்தில் சேர்ந்து, காசநோய்க்கு ஆளாகிப் படைவீரர் மருத்துவமனையில் நான்காண்டுகள் தங்க நேர்ந்தது. அங்கு உடனிருந்த நோயாளி ஒருவர் கொடுத்த திரைப்பட இதழில் திரைக்கதை ஒன்றைப் படித்தவர், தாமும் எழுத முனைந்து, அக்காலத்தில் புகழ்பெற்றிருந்த இயக்குநரும் எழுத்தாளருமான மன்சாகு இத்தாமிக்குத் தம் படைப்பை அனுப்பி, அவரையே ஆசானாகப் பெற்றார்.

இத்தாமி 1946இல் மறைந்த பின்னர், ரியுனோசுகே அகுதாகவாவின் சிறுகதை ஒன்றைத் தழுவி ஹஷிமோட்டோ எழுதிய திரைக்கதை அகிரா குரோசாவாவின் கைக்குச் சென்றது. முழுநீளப் படத்திற்கு அதன் நீளம் போதாமையால், அதே ஆசிரியரின் மற்றொரு கதையின் கூறுகளும் சேர்க்கப்பட்டு, 1950இல் ‘ராஷோமோன்’ உருவானது. ஒரு கொலையைப் பற்றி நால்வர் தரும் முரண்பட்ட வாக்குமூலங்களைத் தீர்ப்புக் கூறாமல் அடுத்தடுத்து வைக்கும் இப்படம், 1951இல் வெனிஸ் விழாவின் தங்கச் சிங்க விருதைப் பெற்றது. தமிழில் எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’ (1954) இந்த உத்தியின் தாக்கத்தால் அமைந்ததாகும்.

‘இகிரு’ (1952), ‘ஏழு சாமுராய்கள்’ (1954) ஆகியவற்றைக் குரோசாவா, ஹிடியோ ஒகுனி ஆகியோருடன் இணைந்து எழுதினார். ஹஷிமோட்டோ முதல் வரைவை எழுதித் தர, மூவரும் விடுதியில் ஒன்றாகத் தங்கி, குரோசாவாவும் ஹஷிமோட்டோவும் ஒரே காட்சியைத் தனித்தனியே எழுத, ஒகுனி அவற்றை மதிப்பிடுவது ‘ஏழு சாமுராய்கள்’ உருவான முறையாகும்.

உண்மை என்பது அதைச் சொல்பவரையும் பதிவு செய்பவரையும் சார்ந்தது என்பதும், நிறுவனங்கள் தம் பெயரைக் காக்கத் தனிமனிதரைப் பலியிடும் என்பதும் இவருடைய படைப்புகளின் மையக் கருத்துகள். ஆதலின் பின்னோக்குக் காட்சி, அதாவது நிகழ்கதையை நிறுத்தி முன்நடந்ததைக் காட்டும் உத்தி, இவரிடம் வெறும் நினைவுகூரலாக இல்லாமல் விசாரணையாகவே செயற்படுகிறது. ‘இகிரு’வில் நாயகன் இறந்த பிறகு, துக்கத்திற்குக் கூடிய அலுவலர்களின் பேச்சிலிருந்தே அவனுடைய இறுதிச் செயலின் பொருள் துலங்குகிறது. தடாஷி இமாய் இயக்கிய ‘நண்பகல் இருள்’ (1956), வழக்கு நிலுவையில் இருந்தபோதே, வற்புறுத்திப் பெறப்பட்ட வாக்குமூலத்தால் தண்டிக்கப்பட்டவர்களுக்காக வாதிட்டது. அவர்கள் 1968இல் விடுதலை பெற்றனர். மசாகி கோபயாஷியின் ‘ஹராகிரி’யில் (1962), பிரபு மாளிகையின் முற்றத்தில் வயிற்றைக் கிழித்துத் தற்கொலை செய்துகொள்ள அனுமதி கேட்கும் வறிய சாமுராய், தன் கதையைக் கூறிக் குலப்பெருமையின் பொய்மையை வெளிப்படுத்துகிறான்; முடிவில் மாளிகையின் அதிகாரபூர்வக் குறிப்பேடு அந்த உண்மையை மறைத்துவிடுகிறது.

1973இல் சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கிய ஹஷிமோட்டோ, சேய்ச்சோ மட்சுமோட்டோவின் நாவலை யோஜி யமதாவுடன் ‘மணற்கலம்’ (1974) எனத் திரைக்கதையாக்கினார். நாவலில் சில வரிகளில் கடக்கும், தொழுநோயாளித் தந்தையும் மகனும் ஊர் ஊராக அலைந்த செய்தி, படத்தில் துப்பறிவாளரின் விளக்கத்தோடும் இசைக்கச்சேரியோடும் பின்னப்பட்டு உச்சக்கட்டமாக விரிகிறது. கூட்டு எழுத்தின் வலிமையையும் அது தளர்ந்தபோது நேர்ந்த இழப்பையும் ஆராயும் இவருடைய நினைவுநூல் 2006இல் வெளிவந்தது; ஜப்பானியத் திரைக்கதை வரலாற்றைக் கற்போர்க்கு அது முதன்மைச் சான்றாக விளங்குகிறது.