அடுக்களையிற் கற்ற அம்மையார்

கல்வி இருபாலார்க்கும் பொது என்பதற்குச் சங்கச் சான்றோருள் ஔவையாரும் வெள்ளிவீதியாரும் விளங்கினமையே தக்க சான்றாம். ஆயினும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் வங்கநாட்டு இல்லங்கள் பலவற்றில், எழுத்தறிந்த பெண் கைம்மை எய்துவாள் என்னும் மூடக்கொள்கை வேரூன்றியிருந்தது. அக்காலத்து மாதர் நிலையை அறிய விரும்புவோர்க்கு ராஸசுந்தரி தேவியாரின் வரலாறு பெரிதும் பயன்படும்.

இவ்வம்மையார் பன்னிரண்டாம் வயதில் மணம் புரிந்து, பன்னிரு மக்களைப் பெற்று, பெருங்குடும்பத்தின் அடுக்களைச் சுமையைத் தாங்கினார். சைதன்ய பாகவதத்தைத் தாமே ஓதல் வேண்டும் என்னும் அவா அவரை வருத்தியது. அந்நூலினின்று ஓர் ஏட்டைக் கழற்றி அடுக்களையில் ஒளித்து வைத்தார். மூத்த மகன் எழுதிப் பழகிய பனையோலை ஒன்றையும் எடுத்துக்கொண்டார். இளமையிற் சிறுவர் ஓதக் கேட்ட எழுத்தொலிகளை நினைவு கூர்ந்து, இரண்டையும் ஒப்பிட்டுப் பிறர் அறியாமற் படித்தார். எழுதக் கற்றதோ நெடுங்காலஞ் சென்று, மகன் தனக்குக் கடிதம் எழுதுமாறு வற்புறுத்திய பின்னரேயாம். 1876இல் வெளிவந்த அவரது ‘ஆமார் ஜீபன்’, வங்கமொழியின் முதல் தன்வரலாற்று நூலெனப் போற்றப்படுகின்றது.

ஈண்டு ஒன்று நோக்கத்தக்கது. படித்தலை மறைவிற் செய்தல் கூடும். எழுதுதற்கோ தாளும் மையும் எழுதுகோலும் ஓய்வும் வேண்டும். பண்டை மாதர் நூல்கள் சிலவாய் இருத்தற்குக் காரணம் அறிவுக் குறைவன்று, இவை கிடையாமையே என்பது இதனாற் புலனாம்.

இவ்வுண்மையை ஆராய்ந்தோர் பலர். 1991இல் சூசி தாரு, கே. லலிதா என்னும் இருவர் இந்திய மொழிகள் பலவற்றின் மாதர் எழுத்துக்களை ஆங்கிலத்திற் றொகுத்தனர். 1993இல் வந்த இரண்டாந் தொகுதி இருபதாம் நூற்றாண்டினரைக் காட்டிற்று. தனிகா சர்க்கார் 1999இல் ராஸசுந்தரியாரின் நூலைப்பற்றித் தனியாராய்ச்சியே வெளியிட்டார். நம் அம்பை, தமிழிலக்கியத்திற் பெண்கள் பற்றி 1984இல் ஆங்கிலத்தில் ஆராய்ச்சி நூல் வெளியிட்டதோடு, 1988இல் மாதர் வரலாற்றுச் சான்றுகளைக் காக்கும் ‘ஸ்பாரோ’ என்னும் காப்பகத்தையும் மும்பையில் தோற்றுவித்தார்.

அன்பர்காள்! நும் இல்லத்துப் பழம் பெட்டிகளிற் பாட்டியர் எழுதிய குறிப்பேடோ கடிதமோ கிடைப்பின், பழந்தாளென்று எறிந்துவிடாதீர்கள். நும் பெண்மக்களைப் பள்ளிக்கு அனுப்புவதோடு அமையாது, வீட்டுவேலையினின்று நாளும் ஒரு நாழிகையேனும் விடுவித்து, எழுத இடந் தாருங்கள். ஒளித்துக் கற்ற காலம் மீண்டும் வாராதிருக்க.