எல்விஸ்: பதிவும் நேரலையும்

எல்விஸ் பிரெஸ்லியை வைத்து என்.பி.சி. தொலைக்காட்சிக்காக எடுத்த இரண்டு இசை நிகழ்ச்சிகளை அடுத்தடுத்துப் பார்த்தால், இயக்குநரின் கை எங்கெங்கே விழுகிறது என்பது புரியும். 1968 டிசம்பர் 3 அன்று ஒளிபரப்பானதை இயக்கியவர் ஸ்டீவ் பைண்டர். 1973 ஜனவரி 14 அன்று ஹொனலூலுவிலிருந்து செயற்கைக்கோள் வழியே நேரலையாகப் போன ‘அலோஹா ஃப்ரம் ஹவாய்’ நிகழ்ச்சியை இயக்கியவர் மார்ட்டி பசெட்டா.

எல்விஸின் மேலாளர் கர்னல் பார்க்கர் 1968இல் கேட்டது கிறிஸ்துமஸ் பாடல்களை. பைண்டரின் கண் வேறோர் இடத்தில் இருந்தது. ஒத்திகை முடிந்தபின் உடைமாற்றும் அறையில் எல்விஸ் நண்பர்களோடு உட்கார்ந்து பாடுவதைப் பார்த்தவர், அங்கேயே கேமராவை வைக்க விரும்பினார். பார்க்கர் விடவில்லை. அந்த அறையின் நெருக்கத்தை பைண்டர் மேடைக்கே கொண்டுவந்தார்: குத்துச்சண்டை மேடைபோல ஒரு சிறு சதுரம், நாலாபுறமும் ஒட்டி உட்கார்ந்த ரசிகர்கள். பக்கத்தில் பழைய கூட்டாளிகள். டி.ஜே. ஃபொன்டானா கிதார்ப் பெட்டியின்மேல் தாளம் போடுகிறார். எழுந்து பாட நினைக்கிறார் எல்விஸ். கிதாருக்குத் தோள்வார் இல்லை. ஒரு காலை நாற்காலியில் ஊன்றிக்கொண்டு சமாளிக்கிறார். வேறு யாராவது வெட்டி எறிந்திருப்பார்கள். இத்தகைய தடுமாற்றங்களில்தான் அவர் மறுபடி உயிரோடு தெரிகிறார் என்பது பைண்டருக்குத் தெரிந்திருந்தது.

அந்த ஜூனில் பார்வையாளர் முன்னிலையில் நான்கு காட்சிகளைப் பதிவுசெய்து, தேவையானதைப் பொறுக்கி எடுத்தார். கிறிஸ்துமஸுக்கு ‘ப்ளூ கிறிஸ்துமஸ்’ ஒன்றுதான் மிஞ்சியது. மார்ட்டின் லூதர் கிங்கும் ராபர்ட் கென்னடியும் சுட்டுக் கொல்லப்பட்ட ஆண்டு அது. முடிவுப் பாடலாக ‘இஃப் ஐ கேன் ட்ரீம்’ புதிதாக எழுதப்பட்டது. பண்டிகை வாழ்த்தோடு முடிந்திருக்க வேண்டிய நிகழ்ச்சிக்கு அது முதுகெலும்பைத் தந்தது.

பசெட்டாவுக்குப் பொறுக்கி எடுக்கும் வசதி இல்லை. ஆசியாவில் மாலை நேரமாக இருக்க வேண்டும் என்பதற்காக ஹவாயில் நள்ளிரவு 12.30க்கு நிகழ்ச்சி தொடங்கியது. தடங்கல் வந்தால் காட்டுவதற்கு, இரண்டு நாள் முன்பே ரசிகர்களைக் கூட்டி ஒரு முழுக் கச்சேரியைப் பதிவுசெய்து வைத்திருந்தார்கள். பைண்டர் எடிட்டிங்கில் செய்ததைப் பசெட்டா மேடை அமைப்பிலேயே முன்கூட்டிச் செய்தாக வேண்டியிருந்தது. கூட்டத்துக்குள் நீளும் நடைமேடை அதற்குத்தான்: எல்விஸ் குனிந்து கைகொடுப்பதும் முத்தம் வாங்குவதும் அங்கேதான். கடைசியில் அவர் மேலங்கியைக் கழற்றிக் கூட்டத்தை நோக்கி வீசுகிறார். அந்தக் கணத்துக்கு மறு டேக் கிடையாது. பசெட்டா கச்சேரியை வெறுமனே அஞ்சல் செய்தார் என்று ஒதுக்குவது நியாயமல்ல.

ஆனாலும் என் ஓட்டு பைண்டருக்கே. ஹொனலூலுவில் எல்லாமே கச்சிதம். எல்விஸ் தன்னை மறக்கும் இடங்கள் குறைவு. ஏப்ரல் 4 அன்று அமெரிக்கர்கள் பார்த்த வடிவம் இன்னும் நீளமானது. ரசிகர்கள் கலைந்த பிறகு காலி அரங்கில் பதிவுசெய்த சில பாடல்களை அதில் சேர்த்தார்கள். எதிரே ஆளில்லாமல் அவர் பாடும் அந்தப் பகுதிகளில்தான் நிகழ்ச்சி தொய்கிறது.