அன்பூருக்கு வழி சொன்ன வரைபடம்

1654-இல் பாரீஸில் 'கிளேலி' என்ற நாவலின் முதல் தொகுதி வெளிவந்தது. பண்டைய ரோமாபுரியில் நடப்பதாக எழுதப்பட்ட கதை. 1660-க்குள் பத்துத் தொகுதிகளாக வளர்ந்துவிட்டது. இன்று அதை முழுவதும் படிப்பவர்கள் அரிது. ஆனால் முதல் தொகுதியில் சேர்த்திருந்த ஒரு வரைபடத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் இன்றுவரை மறக்கவில்லை. அதன் பெயர் 'கார்த் து தாந்த்ர்'. தாந்த்ர் என்றால் கனிவு, பரிவு. நான் அதை அன்பூர் என்று தமிழ்ப்படுத்திக்கொள்கிறேன்.

அப்படி ஒரு நாடு பூமியில் எங்கும் இல்லை. ஆனாலும் படத்தில் ஆறு, கடல், ஏரி, பாறை, பாலம், ஊர்ப் பெயர் எல்லாம் உண்டு. புறப்படும் இடம் கீழே உள்ள 'புதிய நட்பு' என்ற ஊர். அங்கிருந்து மூன்று அன்பூர்களுக்கு வழி போகிறது. ஒன்று நாட்டம் என்ற ஆற்றின் கரையில், இன்னொன்று மதிப்பு என்ற ஆற்றின் கரையில், மூன்றாவது நன்றி என்ற ஆற்றின் கரையில்.

நடுவில் ஓடும் நாட்ட ஆற்றின் வழியில் ஊரே கிடையாது. கண்டதும் பிடித்துப்போனால் வெள்ளம் நேரே கொண்டுபோய்ச் சேர்த்துவிடும், இடையில் தங்க வேண்டியதில்லை. மற்ற இரண்டு வழிகளிலும் ஊர் ஊராக நடக்கத்தான் வேண்டும். மதிப்பு வழியில் நல்ல அறிவு, அழகிய கவிதை, காதல் கடிதம் என்று தொடங்கி, உண்மை பேசுதல், நேர்மை, பெருந்தன்மை, மரியாதை, சொன்னது தவறாமை, நல்ல மனம் என்று ஊர்கள். நன்றி வழியில் இணங்கிப் போதல், சின்னச் சின்ன உதவிகள், விடாமல் வந்து பார்த்தல், பெரிய உதவிகள், மாறாத நட்பு. ஒவ்வொரு ஊரிலும் தங்கத் தங்கப் பயணியின் மனம் மாறிக்கொண்டே போகும். காலமெல்லாம் கோப்புகளோடு வாழ்ந்த எனக்கு 'சொன்னது தவறாமை' என்ற ஊர் இருப்பதில் தனி மகிழ்ச்சி.

குறிஞ்சிக்குக் கூடல், பாலைக்குப் பிரிவு என்று நிலத்தோடு உணர்வைச் சேர்த்துப் படித்த நமக்கு இது அந்நியமாகத் தோன்றாது. ஆனால் நம் திணைகளில் மலையும் காடும் கடலும் கண்ணால் கண்டவை. இங்கே நிலமே கற்பனை.

வரைந்தவர் மத்லேன் து ஸ்குதேரி. 1607-இல் ல ஆவ்ர் துறைமுகத்தில் பிறந்தவர். கடைசிவரை மணம் செய்துகொள்ளவில்லை. பாரீஸின் மரே பகுதியில் அவர் வீட்டில் சனிக்கிழமைதோறும் எழுத்தாளர்களும் அறிஞர்களும் கூடுவார்கள். அந்தக் கூட்டத்தின் பேச்சு விளையாட்டாகத்தான் இந்த வரைபடம் பிறந்தது. நாவலில், புதிய நட்பிலிருந்து அன்பூருக்கு எப்படிப் போவது என்று எர்மினியுஸ் என்பவன் கேட்க, கிளேலி வரைந்து கொடுக்கிறாள். ஆனால் புத்தகத்தின் முகப்பில் இருந்ததோ ஆசிரியையின் பெயர் அல்ல, அண்ணன் ழோர்ழ் து ஸ்குதேரியின் பெயர்.

அந்தக் காலத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். நல்ல குடும்பத்துப் பெண்ணுக்குக் கணவனைத் தேர்ந்தெடுத்தவர்கள் பெரியவர்கள். சொத்தும் அந்தஸ்தும் பேசப்பட்டன, அவள் மனம் பேசப்படவில்லை. அந்த உலகில் ஒரு பெண், 'என் அன்பு வேண்டுமென்றால் இந்த ஊர்களையெல்லாம் கடந்து வா' என்று ஆணுக்கு வழி போட்டுக் கொடுக்கிறாள். எதுவரை வரலாம் என்பதையும் அவளே சொல்கிறாள். படத்தின் மேற்பகுதியில் 'ஆபத்தான கடல்'. அதற்கும் அப்பால் 'அறியாத நிலங்கள்'. அன்பூரோடு பயணம் முடிந்துவிடுகிறது. விளையாட்டுப் படம்போலத் தெரிந்தாலும் இதில் ஓர் உரிமைக் குரல் இருக்கிறது.

சிரித்தவர்களும் உண்டு. முக்கியமானவர் மோலியேர். 1659 நவம்பரில் அவர் அரங்கேற்றிய 'லே ப்ரெசியூஸ் ரிதிக்யூல்' நாடகத்தில், கிராமத்திலிருந்து பாரீஸ் வந்த இரண்டு பெண்கள் நாவல் மோகத்தில் மிதக்கிறார்கள். பெண் கேட்டு வந்தவர்கள் இந்த வரைபடத்தையே பார்த்ததில்லை போலும் என்று ஒருத்தி குறைபட்டுக்கொள்கிறாள். புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்த எங்களுக்கு மோலியேர்தான் முதலில் அறிமுகம். கேலி முன்னால் வந்தது, கேலி செய்யப்பட்டது பல ஆண்டுகள் கழித்துத்தான் கைக்கு வந்தது.

ஸ்குதேரி அம்மையார் வரைந்த வழியிலேயே வாழ்ந்தும் காட்டினார். அவருடைய நெருங்கிய நண்பர் போல் பெலிசோன். நிதி அமைச்சர் ஃபூக்கே 1661-இல் மன்னரின் கோபத்துக்கு ஆளானபோது, அவரிடம் பணிபுரிந்த பெலிசோனும் கைதாகி பாஸ்தீய் சிறையில் பல ஆண்டுகள் இருந்தார். அம்மையாரின் நட்பு மாறவில்லை. 1671-இல் பிரெஞ்சு அகாதெமி முதன்முதலாகக் கொடுத்த உரைநடைப் பரிசு அவருக்கே கிடைத்தது. பரிசு கொடுத்த அகாதெமி ஒரு பெண்ணை உறுப்பினராகத் தேர்ந்தெடுக்க 1980 வரை ஆனது, அது வேறு கதை. 1701-இல், 93 வயதில், அம்மையார் காலமானார்.

வரைபடத்தின் இரண்டு ஓரங்களில் வழி தவறியவர்கள் போய்ச் சேரும் நீர்நிலைகள் இருக்கின்றன. இடப்பக்கம் 'பகைமைக் கடல்'. ரகசியத்தை வெளியே சொல்வது, துரோகம், கர்வம், புறங்கூறல் என்ற ஊர்களின் பக்கம் திரும்பினால் கப்பல் உடைவது நிச்சயம். வலப்பக்கம் 'அசட்டை ஏரி'. அங்கே போக எந்தப் பாவமும் செய்ய வேண்டியதில்லை. கவனக்குறைவு, ஏற்றத்தாழ்வான மனநிலை, வெதுவெதுப்பு, விளையாட்டுத்தனம், மறதி. இவ்வளவுதான். அலை இல்லாத, அமைதியான ஏரி.

எங்கள் தலைமுறைப் புதுச்சேரிக்காரர்களுக்கு அந்த ஏரி நன்றாகத் தெரியும். 1962-க்குப் பிறகு பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொண்ட குடும்பங்களிலிருந்து, என்னோடு படித்த எத்தனையோ பேர் பிரான்ஸ் போனார்கள். முதலில் மாதம் ஒரு கடிதம். பிறகு புத்தாண்டு வாழ்த்து அட்டை. பிறகு அதுவும் இல்லை. யாருக்கும் யாரோடும் சண்டை கிடையாது. பகைமைக் கடலில் உடைந்த நட்பை என் வாழ்வில் ஒன்றிரண்டுதான் பார்த்திருக்கிறேன். ஏரியில் ஓசையில்லாமல் இறங்கியவை பல.

முடிந்தால் இந்தப் படத்தைத் தேடி எடுத்துப் பெரிதாக்கிப் பாருங்கள். உங்கள் நண்பர் யாராவது 'வெதுவெதுப்பு' ஊர்வரை போயிருந்தால், அதற்கு அடுத்தும் இரண்டு ஊர்கள் இருக்கின்றன. ஏரி அதற்குப் பிறகுதான்.