நிலவோடு வளர்ந்த கொடி

1860களின் தொடக்கத்தில் புணேயில் சமஸ்கிருதப் பேராசிரியராக இருந்த ஜெர்மானியர் மார்ட்டின் ஹாக், வேள்வி நூல்களை ஏட்டில் படிப்பதோடு நிறுத்திக்கொள்ளவில்லை. சோமயாகம் செய்து பழகிய புரோகிதர் ஒருவரைத் தேடிப் பிடித்து, சடங்குகளைத் தன் கண்முன் நடத்திக் காட்டச் சொன்னார். சோமச் சாற்றையும் பிழிந்து வாங்கிக் குடித்துப் பார்த்தார். சில கரண்டிகளுக்கு மேல் தொண்டையில் இறங்கவில்லை. வெளுத்த நிறம், கசப்பு, குமட்டல், கொஞ்சம் கிறக்கம். 1863-இல் வெளிவந்த தம் ஐதரேய பிராமணப் பதிப்பில் இதை ஒளிக்காமல் எழுதி வைத்திருக்கிறார்.

ரிக் வேதத்தில் இந்திரன் இதே சோமத்தை மூன்று ஏரி அளவு குடித்துவிட்டுத்தான் விருத்திரனைக் கொல்லப் போகிறான். ஏரிக்கும் கரண்டிக்கும் நடுவே சுமார் மூவாயிரம் ஆண்டுகள் ஓடியிருக்கின்றன. அந்த இடைவெளியில் சோமம் தேவர்களின் பானமாக இருந்தது, கிழவனைக் குமரனாக்கும் காயகற்பமானது, பாதரசத்தைக் கட்டிப் பொன் செய்யும் ரசவாத மூலிகையானது, கடைசியில் ஆஸ்துமா மாத்திரையிலும் போய்ச் சேர்ந்தது. இந்தியச் செடிகளில் இத்தனை வேடம் கட்டியது வேறொன்று இருக்குமா என்பது ஐயம்தான்.

ரிக் வேதத்தின் ஒன்பதாம் மண்டலத்தில் உள்ள 114 பாடல்களும் சோமத்தைப் பற்றியவை. அவற்றில் செடியைவிடச் செய்முறைதான் தெளிவாகத் தெரிகிறது. தண்டை நீரில் ஊறவைத்து, கல்லால் நசுக்கி, ஆட்டுரோமச் சல்லடையில் வடிகட்டி, பால் கலந்து குடித்தார்கள். வடமேற்கே மூஜவத் என்ற மலையிலிருந்து அது வந்தது. இலை எப்படி, பூ எப்படி, காய் உண்டா என்றெல்லாம் புலவர்கள் சொல்லவில்லை. தினமும் பார்க்கிற செடியை யார் உட்கார்ந்து வர்ணித்துக்கொண்டிருப்பார்கள்?

சிக்கல் அவர்கள் கிழக்கே நகர்ந்தபோது தொடங்கியது. கங்கைச் சமவெளிக்கு வந்தவர்களுக்கு அந்த மலை தொலைவாகிவிட்டது. பிற்கால வேள்வி நூல்களில் சோமம் வாங்குவதே ஒரு சடங்கு. விற்பவனிடம் பேரம் பேசி, பசுவை விலையாகக் கொடுத்து, சரக்கு கைக்கு வந்ததும் அவனை அடித்து விரட்ட வேண்டும். ஒரு காலத்தில் உண்மையாகவே நடந்த மலைவணிகத்தின் தழும்பு இது என்று கொள்ளலாம். சோமம் கிடைக்காவிட்டால் எதைப் பிழியலாம் என்ற பட்டியலும் வந்துவிட்டது. சதபத பிராமணம் செந்நிறப் பூவுள்ள ஒரு செடியில் தொடங்கி அறுகு, குசைப்புல் வரை இறங்கி வருகிறது. வேறு நூல்கள் பூதீகம் என்ற கொடியைச் சொல்கின்றன. புல்லைப் பிழிந்தாலும் வேள்வி நடக்கும் என்று ஆனபிறகு, சாற்றுக்கு ஏதேனும் விளைவு இருந்தாக வேண்டிய கட்டாயம் இல்லை.

மூலச் செடி கையைவிட்டுப் போனபின்தான் அதன் குணங்கள் ஊதிப் பெருகத் தொடங்கின.

சோமத்துக்கு நிலவு என்ற பொருளும் ஏறியிருந்தது. சரக சம்ஹிதை சோமத்தை மூலிகைகளின் அரசன் என்கிறது. அதற்குப் பதினைந்து கணுக்கள், அவை நிலவோடு வளர்ந்து தேயும். சுசுருத சம்ஹிதையில் கணு இலையாகிறது. வளர்பிறையில் நாளுக்கு ஓர் இலை துளிர்த்து, பௌர்ணமியன்று பதினைந்தும் நிறைந்து, தேய்பிறையில் ஒவ்வொன்றாக உதிர்ந்து, அமாவாசையன்று வெறுங்கொடி நிற்கும். ஒன்றாக இருந்த சோமம் இருபத்து நான்கு வகையாகிவிட்டது. காயத்திரம், திரைஷ்டுபம் என்று வேதச் சந்தங்களின் பெயர்களே சிலவற்றுக்குச் சூட்டப்பட்டிருக்கின்றன. ஒன்றுக்கு நெய்மணம், இன்னொன்றுக்குப் பூண்டிலை போன்ற இலை, மற்றொன்று பொன்னிறத்தில் எப்போதும் நீரில் மிதக்கும். தாவரவியல் நூலும் கனவும் கலந்த ஒரு பட்டியல்.

அதை உட்கொள்ளும் முறையும் அங்கே விரிவாக உண்டு. மூன்று சுற்றுக் கட்டுள்ள வீட்டுக்குள் போக வேண்டும். கிழங்கைப் பொன் ஊசியால் குத்தி, பொன் கிண்ணத்தில் பாலை வடித்துக் குடிக்க வேண்டும். பிறகு வாந்தி, வீக்கம், புழுக்கள் வெளியேறுதல். ஏழெட்டு நாளில் சதை வற்றி எலும்பும் தோலுமாகிறான். நகம், பல், முடி எல்லாம் கொட்டி, மறுபடி புதிதாக முளைக்கின்றன. எல்லாம் முடிந்து வெளியே வருகிறவனுக்குப் பதினாயிரம் ஆண்டு ஆயுள். கிடைக்கும் இடங்களாக இமயம், சையம், மகேந்திரம் முதலிய மலைகளோடு தெற்கே நம் பொதிகையைச் சேர்ந்த மலயமும் சொல்லப்படுகிறது. பிறகு ஓர் எச்சரிக்கை வருகிறது: அறநெறி தவறியவர், நன்றி கெட்டவர், மருந்தையும் அந்தணரையும் வெறுப்பவர் கண்ணுக்கு இந்தச் செடிகள் தென்படா. மலையேறி வெறுங்கையோடு திரும்பியவன் இதற்குமேல் வாய் திறப்பானா! அறுவை மருத்துவத்தில் அவ்வளவு நுட்பமாகப் பேசும் அதே நூல்தான் இதையும் சொல்கிறது என்பதை மறக்காமல் இருப்பது நல்லது.

அடுத்த வேடம் ரசவாதிகள் கட்டிவிட்டது. பதினோராம் நூற்றாண்டையொட்டி ரசார்ணவம் போன்ற நூல்கள் பாதரசத்தை மையமாக வைத்து ஒரு பெரும் கலையையே எழுப்பின. ஓடிக்கொண்டே இருக்கும் பாதரசத்தை நெருப்புக்கு அஞ்சாதபடி கட்டிவிட்டால் உலோகமும் பொன்னாகும், உடம்பும் அழியாது என்பது அவர்கள் கணக்கு. கட்டுவதற்கு மூலிகை வேண்டும். சோமதேவர் எழுதிய ரசேந்திர சூடாமணி அறுபத்து நான்கு திவ்ய ஔஷதிகளைச் சொல்கிறது. அவற்றில் முதன்மையான இடம் சோமவல்லிக்கு. பழைய பதினைந்து இலை அப்படியே இருக்கிறது, பௌர்ணமியன்று எடுப்பதும் இருக்கிறது. வேலைதான் மாறிவிட்டது. வேதத்தில் தண்டும் மருத்துவ நூலில் பாலும் முக்கியம், இங்கே பாதரசத்தைக் கட்டும் ஆற்றலே முக்கியம். தேவனுக்கு ஊற்றியதை மனிதன் குடித்தான், இப்போது அதை உலோகத்துக்கு ஊட்டினார்கள்.

இந்தக் கலை அந்நாளில் எப்படிப் பேசப்பட்டது என்பதற்கு 1030-ஐ ஒட்டி இந்தியாவைப் பற்றி எழுதிய அல்பிரூனி சாட்சி. இந்துக்களின் ரசாயனக் கலையில் செடிகளே மிகுதி என்று குறித்துவிட்டு, வலபி நாட்டுக் கதை ஒன்றைச் சொல்கிறார். ஒரு சித்தர் மாட்டிடையனிடம், கிள்ளினால் பாலுக்குப் பதில் ரத்தம் வடியும் கள்ளியைப் பார்த்திருக்கிறாயா என்று கேட்கிறார். இடையன் காட்டுகிறான். சித்தர் செடிக்குத் தீ வைத்து, இடையனின் நாயைத் தூக்கி அதில் எறிகிறார். ஆத்திரம் பொங்கிய இடையன் சித்தரையே தூக்கி அதே தீயில் போடுகிறான். தணல் ஆறியதும் பார்த்தால் நாயும் பொன், சித்தரும் பொன். இடையன் நாயை எடுத்துக்கொண்டு போய்விடுகிறான். கிடந்த பொன்மனிதனின் விரலை ஒருவன் வெட்டிக்கொண்டு போக, மறுநாள் விரல் முளைத்திருக்கிறது! அல்பிரூனி இதையெல்லாம் நம்பியவர் அல்லர். பொன் செய்யும் ஆசையில் அரசர்கள் அடைந்த பித்துக்கு அளவில்லை என்று சலித்துக்கொள்கிறார்.

தமிழ்ச் சித்தர் மரபிலும் இதே வார்ப்பு உண்டு. இரவில் ஒளிரும் சோதிப்புல், அழுகண்ணி, தொழுகண்ணி, உரோம விருட்சம் என்று பாதரசத்தைக் கட்டி ரசமணி செய்வோர் சொல்லும் மூலிகைகள் கொல்லிமலையிலும் சதுரகிரியிலும் இருப்பதாகப் பேச்சு. சாபநிவர்த்தி செய்யாமல் பிடுங்கினால் குணம் போய்விடும் என்பார்கள். அழுகண்ணி என்று பலர் காட்டுவது, இலையில் பிசின் துளிகள் மின்னும் ட்ரோசிரா என்னும் பூச்சி தின்னும் செடி. அது பூச்சியைப் பிடிக்கும். பாதரசத்தைப் பிடிக்காது.

ஐரோப்பியர் வந்தபோது தென்னாட்டில் சோமம் என்று காட்டப்பட்டது நம் கொடிக்கள்ளி. கோரமண்டல் கரையில் சாமல்கோட்டையில் பணியாற்றிய வில்லியம் ராக்ஸ்பர்க் அதற்கு அஸ்கிளிபியஸ் ஆசிடா என்று பெயரிட்டார். பிறகு அது சார்கோஸ்டெம்மா ஆனது, இப்போது சினாங்கம் பேரினத்தில் சேர்த்திருக்கிறார்கள். வழிப்போக்கர்கள் தாகத்துக்கு அதன் இளந்தண்டைச் சப்புவார்கள் என்று ராக்ஸ்பர்க் எழுதினார். புளிப்பான பால், பச்சைக் குச்சி போன்ற தண்டு. வேடிக்கை என்னவென்றால், பதினைந்து இலைச் சோமத்தின் இடத்தில் வந்து உட்கார்ந்த இந்தக் கொடிக்கு இலையே கிடையாது என்று சொல்லிவிடலாம்.

இதுதான் அசலா என்ற சண்டை 1880களில் லண்டன் இதழ்களில் சூடு பிடித்தது. ருடால்ஃப் ரோத், மாக்ஸ் முல்லர் போன்ற சமஸ்கிருத அறிஞர்கள் ஆளுக்கொன்று எழுதினார்கள். ஆப்கன் எல்லைக் குழுவோடு 1884-85இல் சென்ற மருத்துவர் அயிட்சிசன், ஹரிருத் ஆற்றுப் பள்ளத்தாக்கில் எபிட்ரா என்ற இலையற்ற புதரை ஊர்மக்கள் ஹும் என்று அழைப்பதைக் கண்டார். வேதச் சோமத்துக்கு இணையாகப் பார்சிகள் கொள்ளும் ஹவோமச் சடங்குக்கு ஈரானிலிருந்து வரவழைக்கும் குச்சியும் எபிட்ராதான். அதே 1885-இல் ஜப்பானில் நகாய் நகயோஷி அந்த இனத்திலிருந்து எபிட்ரின் என்ற வேதிப்பொருளைப் பிரித்தெடுத்தார். 1924-இல் சென், ஷ்மிட் இருவரும் அதன் செயலை விரிவாக எழுதியபின் உலகெங்கும் ஆஸ்துமாவுக்கு எபிட்ரின் மாத்திரை பரவியது. மூச்சுக்குழாயை விரிக்கும், நாடியை ஏற்றும், தூக்கத்தை விரட்டும்.

1968-இல் கார்டன் வாஸன் என்ற அமெரிக்க வங்கியாளர், சோமம் செடியே இல்லை, சைபீரியாவில் மயக்கத்துக்கு உண்ணப்படும் சிவப்புக் காளான்தான் என்று ஒரு புத்தகம் போட்டார். படிக்கச் சுவையான புத்தகம். ஆனால் ஜான் பிரஃப் போன்ற சமஸ்கிருத அறிஞர்கள் அதை ஏற்கவில்லை. 1989-இல் ஃப்ளாட்டரி, ஷ்வார்ட்ஸ் என்ற இருவர் சிரிய ஹர்மல் விதையை முன்வைத்தார்கள். அதே ஆண்டில் ஹாரி பால்க், இரவு முழுவதும் நடக்கும் அதிராத்திர வேள்விக்கு விழிக்கவைக்கும் எபிட்ராவே பொருந்தும் என்றார். துருக்மெனிஸ்தானின் கோனூரில் அகழ்ந்த விக்டர் சரியனிதி, சடங்குப் பானைகளில் எபிட்ராவும் கஞ்சாவும் பதிந்திருப்பதாக அறிவித்தார். அந்த மாதிரிகளை வாங்கி ஆராய்ந்த டச்சு அறிஞர் கோரி பேக்கல்ஸ் 2003-இல் சொன்ன முடிவு: பதிந்திருப்பது பனிவரகு. எல்லாவற்றையும் எடைபோட்டால் எபிட்ராவின் தட்டுதான் தாழ்கிறது, ஆனால் வழக்கு முடிந்துவிட்டதாகச் சொல்ல முடியாது.

வேள்வி செய்பவர்கள் இந்தத் தீர்ப்புக்காகக் காத்திருக்கவில்லை. 1975 ஏப்ரலில் கேரளத்தின் பாஞ்ஞாளில் நம்பூதிரிகள் பன்னிரண்டு நாள் நடத்திய அதிராத்திரத்தை வேத ஆய்வாளர் ஃபிரிட்ஸ் ஸ்டால் படமெடுத்தார். பிழியப்பட்டது கொடிக்கள்ளி. மலையிலிருந்து சோமக்கொடி அனுப்பித் தருவது பாலக்காட்டுப் பக்கம் கொல்லங்கோடு அரச குடும்பத்தின் பழைய உரிமை.

கடைத்தெருவில் கதை வேறு. சோமலதா, சோமகல்பம் என்ற பெயரில் ஆயுர்வேதக் கடைகளில் மூச்சிரைப்புக்கு விற்கும் பொடி பெரும்பாலும் இமயத்து எபிட்ரா ஜெரார்டியானா. எபிட்ரின் சேர்ந்த துணை உணவுப் பொருள்களால் மாரடைப்பும் பக்கவாதமும் வந்ததைப் பார்த்து அமெரிக்கா 2004-இல் அவற்றைத் தடை செய்தது. கொடிக்கள்ளியில் எபிட்ரின் இல்லை, ஆனால் அதற்கும் சோமலதா என்ற பெயர் உண்டு. ஆகவே அந்தப் பெயரில் எதையாவது வாங்க நேர்ந்தால், புட்டியில் அச்சிட்டிருக்கும் தாவரவியல் பெயரைப் படியுங்கள். எபிட்ரா என்றிருந்து, உங்களுக்கு ரத்த அழுத்தமோ இதயக் கோளாறோ இருந்தால், மருத்துவரைக் கேட்காமல் வாயில் வைக்காதீர்கள்.