அதியமான் என்னும் பெயர்

நம் சங்கத்து அன்பர் சிலர் தம் மக்கட்குப் பெயரிடுங்கால் எம்மிடமும் பொருள் கேட்பதுண்டு. பன்னிரண்டு ஆண்டுகட்கு முன் அன்பரொருவர் தம் தலைமகனுக்கு அதியமான் எனப் பெயர் சூட்ட விழைந்து, அதன் பொருள் யாதென வினவினார். யாம் சிறிதும் தயங்காது, 'அதிக மானமுடையான்' என்று விடையிறுத்தோம். அவையத்தார் அனைவரும் மகிழ்ந்தனர்.

அது பிழை. அதனை ஈண்டு ஒப்புக்கொள்ளுதல் எம் கடன்.

ஒரு பெயரைத் தனியே வைத்துப் பிரித்ததே யாம் செய்த தவறு. அதன் இனத்தோடு வைத்து நோக்கியிருத்தல் வேண்டும். சேரமான், மலையமான், பெருமான், கோமான் என்பவற்றை அருகே வைத்துக் காண்க. 'மானம்' எனக் கொள்ளின் மலையமான் மலையின் மானமாகி நகைப்பிற்கு இடமாம். பெருமகன் பெருமான் எனவும், கோமகன் கோமான் எனவும், மருமகன் மருமான் எனவும் மருவின; ககரம் கெட, இரண்டு அகரமும் ஓர் ஆகாரமாயின. ஆகவே அதியமான் என்பான் அதியர் குடியிற் பிறந்த மகன். 'அதிகம்' என்னும் வடசொல்லுக்கு இங்கு இடமேயில்லை.

இலக்கணம் மட்டும் போதாதென்பார்க்குக் கல்லும் சான்று பகரும். கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் ஆண்ட அசோகன் தன் இரண்டாம் பாறைச் சாசனத்திற் சோழர், பாண்டியரோடு சதியபுத்திரன், கேரளபுத்திரன் என்போரையும் குறித்தான். கேரளபுத்திரன் சேரமான் என்பது தெளிவு. சதியபுத்திரன் யாவன் என்பதில் அறிஞர் நெடுங்காலம் மாறுபட்டனர். 'சத்தியம்' என்னும் சொல்லைப் பற்றிக்கொண்டு, வாய்மைக்குப் பெயர்பெற்ற கோசரே அவர் என்றாரும் உளர். காஞ்சி நாட்டார் என்றாரும் உளர். 1981-ஆம் ஆண்டில் திருக்கோவலூரை அடுத்த ஜம்பை என்னும் ஊரின் குன்றிற் குகைத்தளத்தில் ஒரு தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுக் கண்டறியப்பட்டது. அதியன் நெடுமான் அஞ்சி என்பான் அப்பள்ளியை ஈந்த செய்தி அதன்கண் உளது. அவன் பெயர்க்கு முன்னே 'சதியபுதோ' என்னும் பட்டமும் பொறிக்கப்பட்டுளது! ஔவையாராற் பாடப்பெற்ற தகடூர் அஞ்சியின் குடியே அது. வடபுலத்தார் புத்திரன் என்றெழுதியது நம் மொழியின் மகனே.

இதனைக் கேள்வியுற்ற அன்பரொருவர், அதியர் நம் குலத்தவரே என ஒரு கட்டுரை வரைந்து, இவ்விதழில் வெளியிடுமாறு எம்மிடம் தந்தார். கல்லில் அதியன் என்னும் குடிப்பெயர் உண்டு. இக்காலச் சாதிப்பெயர் எதுவும் இல்லை. இல்லாததைச் சேர்த்தெழுத யாம் ஒருப்படோம் எனத் திருப்பி அனுப்பினோம். அவர்க்கு எம்மேல் வருத்தம் உண்டு.

சென்ற திங்கள் அப்பிள்ளையின் தந்தையாரிடம் யாமே சென்று எம் பிழையைக் கூறினோம். சிறிது நேரம் வாளா இருந்து, "அங்ஙனமாயின் பெயரை மாற்றவேண்டுமோ, ஐயா?" என்றார். வேண்டா என்றோம். பக்கத்தே நின்ற பிள்ளையோ அக்கல்வெட்டைத் தான் காணவேண்டுமென்று அடம்பிடிக்கின்றான். கோடை விடுமுறையில் அழைத்துச் செல்வதாக இசைந்துள்ளோம்.