பணம் யார் கையில்? பார்பரா காஸிலின் அமைச்சுப் பணி: ஒரு மறுமதிப்பீடு

பார்பரா காஸில் 1945 முதல் 1979 வரை பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் பிளாக்பர்ன் தொகுதியின் தொழிற்கட்சி உறுப்பினர். பிரதமர் ஹெரால்டு வில்சனின் அரசுகளில் நான்கு துறைகளை ஆண்டவர். ஆயினும் அவரைப் பற்றிய மதிப்பீடுகள் பெரும்பாலும் 1969இல் அவர் கண்ட தோல்வியிலேயே வந்து நிற்கின்றன. இந்த அளவுகோல் பொருந்தாது. குடும்பத்துக்குள் வருமானம் யார் கைக்குச் செல்கிறது என்பதைச் சட்டத்தால் மாற்றியதே அவருடைய முதன்மைச் சாதனை.

1969 தோல்வியை மறைக்க வேண்டியதில்லை. வேலைநிறுத்தத்துக்கு முன் வாக்கெடுப்பு, 28 நாள் சமரசக் காலம் ஆகியவற்றை முன்மொழிந்த அவரது வெள்ளை அறிக்கையை உள்துறை அமைச்சர் ஜேம்ஸ் காலகன் வெளிப்படையாகவே எதிர்த்தார். ஜூனில் தொழிற்சங்கப் பேரவையின் வாக்குறுதி ஒன்றைப் பெற்றுக்கொண்டு அரசு பின்வாங்கியது. அமைச்சரவையில் முழுமையாக விவாதிக்குமுன் சங்கத் தலைவர்களிடம் திட்டத்தைக் காட்டியது காஸிலின் பிழை. தமக்கென ஓர் அணி இல்லாத அமைச்சர் செய்யக்கூடாத பிழை அது.

போக்குவரத்துத் துறையில் 1967இல் அவர் கொண்டுவந்த, குடித்துவிட்டு வாகனம் ஓட்டுவோரைக் கண்டறியும் மூச்சுச் சோதனை முதல் ஆண்டிலேயே ஆயிரத்துக்கும் மேற்பட்ட உயிர்களைக் காத்தது. கார் ஓட்டத் தெரியாத பெண் எனக் கேலி செய்தவர்களுக்கு இதுவே போதிய மறுமொழி.

1968இல் டாகன்ஹாம் ஃபோர்டு ஆலையின் தையல் தொழிலாளிப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். காஸில் அவர்களைச் சந்தித்தபின் ஆண்களின் ஊதிய விகிதத்தில் 92 விழுக்காடு கிடைத்தது. அவர்கள் கோரிய திறன்நிலை உயர்வோ 1984 வரை கிடைக்கவில்லை. எனினும் அந்தப் போராட்டத்தின் உந்துதலை 1970ஆம் ஆண்டுச் சமஊதியச் சட்டமாக்கியவர் அவரே.

அவருடைய முதன்மைச் சாதனையான குழந்தைநலப்படிக்கு வருவோம். 1946 முதல் தாய்மாருக்குக் குடும்பப்படி கிடைத்துவந்தது. முதல் குழந்தைக்கு மட்டும் இல்லை. பிள்ளைகளுக்கான வரிச்சலுகையோ பெரும்பாலும் தந்தையின் சம்பளத்தோடு சேர்ந்தது. சமூக சேவை அமைச்சராக அவர் கொண்டுவந்த 1975ஆம் ஆண்டுச் சட்டம் இரண்டையும் இணைத்து, முதல் குழந்தை உட்பட ஒவ்வொரு குழந்தைக்குமான தொகையைத் தாயிடம் சேர்க்க வழிசெய்தது. கணவனின் நல்லெண்ணத்தை நம்பியிருந்த பெண்ணுக்கு இது எத்தகைய மாற்றம் என்பதை வரவுசெலவு அட்டவணைகள் காட்டா.

இந்த மதிப்பீட்டுக்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. அதே ஆண்டு அவரது துறை உருவாக்கிய பராமரிப்பாளர் உதவித்தொகையிலிருந்து மணமான பெண்கள் விலக்கப்பட்டனர். அந்த அநீதி 1986இல் ஐரோப்பிய நீதிமன்றத் தீர்ப்பை ஒட்டியே நீங்கியது. அவருடைய பார்வைக்கும் எல்லை இருந்தது. அதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

1976 ஏப்ரலில் பிரதமரான காலகன் காஸிலைப் பதவிநீக்கினார். அடுத்த மாதமே, ஆண்களின் சம்பளக் கவர் மெலியும் என்று அஞ்சி, அமைச்சரவை குழந்தைநலப்படியை ஒத்திவைத்தது. அமைச்சரவைக் குறிப்புகளைக் குழந்தை வறுமைக்கு எதிரான அமைப்பொன்றின் இயக்குநர் ஃபிராங்க் ஃபீல்டு பத்திரிகையில் வெளியிட்டதும் எழுந்த எதிர்ப்பே திட்டத்தை மீட்டது. அது முழு அளவில், குழந்தைக்கு வாரம் 4 பவுண்டாக, 1979 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. அடுத்த மாதத் தேர்தலில் காஸில் போட்டியிடவில்லை.