வவுச்சர் இல்லாத செலவு

கோபிசெட்டிபாளையத்தில் ஒரு கல்யாணம். பந்தி முடிந்து, மண்டப வாசலில் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார். "ஏனுங்க தம்பி, பத்திரிகைல சரித்திரமெல்லாம் எழுதறீங்களாமே. இதப் பத்தி மட்டும் ஏனுங்க எழுத மாட்டேங்கறீங்க?" என்று செல்போனை நீட்டினார்.

வாட்ஸ்அப் தகவல். கடலுக்குள் போன குமரிக்கண்டத்தில் எழுதப்பட்டு, தப்பிப் பிழைத்த ஒரே நூல்! பெயர் 'செங்கோன் தரைச்செலவு'. எழுதியவர் முதலூழித் தனியூர்ச் சேந்தன். கீழே, 'தமிழனாக இருந்தால் பகிரவும்'.

பகிர்வதற்கு முன்னால் கொஞ்சம் கணக்குப் பார்த்துவிடலாமே. நான் பி.காம். படித்தவன். வேறு சரக்கு என்னிடம் கிடையாது.

முதலில் பெயர். செலவு என்றால் பழந்தமிழில் பயணம். பெருவள நாட்டை ஆண்ட செங்கோன் என்ற அரசன் படையோடு கிளம்பிப் போன கதை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் இப்படி ஒரு நூல் இருப்பதே வெளியே தெரிகிறது. 1917-ல் வெளிவந்த ஆபிரகாம் பண்டிதரின் 'கருணாமிர்த சாகரம்' போன்ற பெரிய நூலே இதை நம்பி மேற்கோள் காட்டியது. தேவநேயப் பாவாணரும் நம்பினார். இவர்களெல்லாம் சாதாரண ஆட்களா? இல்லை. அதுதான் சிக்கலே.

கடல் கொண்ட கதை புதிதல்ல. இறையனார் களவியல் உரை 3 சங்கங்களைச் சொல்கிறது. முதல் சங்கம் 4,440 ஆண்டுகள், அடுத்தது 3,700, கடைசி 1,850. கூட்டினால் 9,990. முதல் சங்கம் இருந்த மதுரையையும் இரண்டாவது இருந்த கபாடபுரத்தையும் கடல் விழுங்கியது என்கிறது. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்கு நல்லார் ஒரு படி மேலே போய், மூழ்கிய நிலத்துக்குப் பட்டியலே கொடுத்தார். பஃறுளி ஆற்றுக்கும் குமரி ஆற்றுக்கும் நடுவே 700 காவதம். ஏழ்தெங்க நாடு, ஏழ்மதுரை நாடு, ஏழ்குன்ற நாடு என்று ஏழேழாக மொத்தம் 49 நாடுகள்.

காவதத்துக்கு 10 மைல் என்று பலர் கணக்குச் சொல்வார்கள். அப்படியானால் 7,000 மைல். கன்னியாகுமரியிலிருந்து தென் துருவமே 6,800 மைல்தான். நம் நாடு துருவத்தைத் தாண்டி மறுபக்கம் ஏறிவிடுகிறது!

இந்த அடியார்க்கு நல்லார் எந்த ஊர் தெரியுமா? நிரம்பை. விஜயமங்கலத்துக்குப் பக்கம் என்பார்கள். கொங்கு மண்டல சதகம் அவரை நம்ம ஊர்க்காரர் என்று உரிமை கொண்டாடுகிறது. ஆதரித்த வள்ளல் பொப்பண்ண காங்கேயர்கோன். அலையே பார்க்காத சீமையில் உட்கார்ந்து கடலடி நாடுகளுக்கு ஜாபிதா போட்டிருக்கிறார் மனுஷன். உ.வே.சா. அவர் உரையோடு சிலப்பதிகாரத்தை அச்சிட்டது 1892-ல். அதன் பிறகு அந்த 49 நாடுகளும் படித்தவர்கள் வாயில் புகுந்தன.

அதே காலத்தில் வெள்ளைக்காரன் சரக்கும் வந்து சேர்ந்தது. 1864-ல் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலாளர், மடகாஸ்கரில் இருக்கும் லெமூர் வகைப் பிராணிகளுக்கு இந்தியாவிலும் உறவுக்காரர்கள் இருப்பதைப் பார்த்து, நடுவே ஒரு கண்டம் மூழ்கியிருக்கும் என்று ஊகித்து, லெமூரியா என்று பெயரும் வைத்தார். கண்டங்களே நகர்கின்றன என்று 1960-களில் உறுதியானதும் அந்த ஊகம் விஞ்ஞானத்தில் செத்தது. நம்மிடம் சாகவில்லை. 1981-ல் மதுரை உலகத் தமிழ் மாநாட்டில், அரசு செலவில் ப. நீலகண்டன் எடுத்த குமரிக்கண்டப் படமே ஓடியது.

கடல் நிலத்தைக் கொண்டது பொய்யில்லை. பனியுகம் உச்சத்தில் இருந்த சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் கடல் மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட ஏறக்குறைய 120 மீட்டர் கீழே. இலங்கைக்கு நடந்தே போகலாம். ஆனால் கடலோரம் கரைவது வேறு, கண்டம் மூழ்குவது வேறு.

இப்போது ஆடிட்டிங். செங்கோன் செலவுக்கு வவுச்சர் எங்கே? பனையோலை நல்ல பராமரிப்பில்கூட 300, 400 வருஷம்தான். படி எடுத்து, படி எடுத்துத்தான் சங்கப் பாட்டே நமக்கு வந்தது. வழியில் இளம்பூரணர், பேராசிரியர், நச்சினார்க்கினியர் என்று உரைகாரர்கள் கைக்குக் கிடைத்ததையெல்லாம் மேற்கோள் காட்டினார்கள். நூலே தொலைந்தும் இவர்கள் உரையில் நாலு வரி மிஞ்சியதுண்டு. அவர்களில் ஒருவர்கூடச் சேந்தனைச் சொல்லவில்லை. அடியார்க்கு நல்லாரே சொல்லவில்லை! ஆனால் அவருடைய பட்டியல் அச்சில் வந்த கொஞ்ச காலத்தில், அதற்குப் பூட்டும் சாவியும் போலப் பொருந்துகிற ஒரு நூல் முளைக்கிறது. ஆராய்ச்சியாளர்கள் இதை இட்டுக்கட்டியது என்று ஒதுக்கியதில் ஆச்சரியமில்லை.

ஏமாற்றினவன் மேல்கூட எனக்கு அவ்வளவு கோபமில்லை. ஏமாந்தவர்களைப் பார்த்தால்தான் வயிறு எரிகிறது. வ.உ.சி.யை எடுத்துக்கொள்ளுங்கள். கோவைச் சிறையில் செக்கிழுத்தவர். விடுதலையாகி வந்தபோது கப்பல் கம்பெனியும் இல்லை, வக்கீல் சன்னதும் இல்லை. அந்த வறுமையிலும் 1917-ல் 'இன்னிலை' என்ற நூலுக்கு உரை எழுதி, பதினெண்கீழ்க்கணக்கில் ஒன்று என்று நம்பி அச்சிட்டார். பிற்காலத்தில் அதுவும் போலி என்றார் வையாபுரிப் பிள்ளை. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகனின் பதிப்பாசிரியர், வ.உ.சி.யோடு சேர்ந்து தொல்காப்பிய உரை பதிப்பித்தவர். பழைய நூல்களுக்கெல்லாம் அவர் போட்ட காலம் ரொம்பப் பிந்தியது என்பது நிஜம். நிறைய இடத்தில் அவர் கணக்கும் தப்புத்தான். ஆனால் கிடைத்த பட்டம் 'தமிழ்த் துரோகி'. போலி செய்தவனுக்கு ஒரு பட்டமும் இல்லை.

பெரியவரிடம் இதையெல்லாம் சுருக்கிச் சொன்னேன். அவர் முகம் சுண்டிப்போனது. "அப்ப நமக்குன்னு ஒண்ணுமே இல்லீங்களா?"

இருக்கிறதே! நொய்யல் கரையில் கொடுமணல். 1985-ல் தமிழ்ப் பல்கலைக்கழகம் தோண்ட ஆரம்பித்தது. பதிற்றுப்பத்து சொல்லும் 'கொடுமணம்' இதுதான் என்கிறார்கள். கல்மணி பட்டை தீட்டிய பட்டறைகள், இரும்பு உருக்கிய உலைகள். எல்லாவற்றுக்கும் மேலாக, தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த நூற்றுக்கணக்கான பானை ஓடுகள். கண்ணன் ஆதன், சம்பன் சுமணன் என்று பெயர்கள். ராஜாக்கள் இல்லை. தன் பானை அடுத்தவன் பானையோடு கலந்துவிடக் கூடாதே என்று பெயர் கீறிவைத்த ஜனங்கள். ஆணியோ உளியோ வைத்துக் கிறுக்கிய அந்த எழுத்துக்கு 2,000 வயதுக்கு மேல். கடலுக்கடியில் தேட வேண்டாம், உரைகாரர் சாட்சியும் வேண்டாம். மண்ணே வவுச்சர்.

பெரியவர் வெற்றிலையை மென்றபடி யோசித்தார்.

"கொடுமணல்னா சென்னிமலைக்குப் பக்கமுங்களே?"

"ஆமாங்க."

"அட, எம்பட சம்பந்தி ஊட்டுக்கு அந்த வழியாத்தான் போவேன். இருவது வருசமாப் போறனுங்க. ஒருத்தனும் சொல்லலியே!"

செல்போனை வாங்கிக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து எதையோ தேடினார். "இந்த மெசேஜ அழிக்கறது எப்புடீங்க தம்பி?"